வதனியின் படத்துக்குப் பாட்டுப் போடாதீர்கள்

செய்தி எனக்கு ஒரு வீடியோவாகத்தான் வந்தது. காலையில் ஸ்டூடியோவைத் திறந்து, கூட்டித் துடைத்து, கதிரையில் உட்கார்ந்து வட்ஸ்அப்பைப் பார்த்தேன். கறுப்புப் பின்னணி. ஒரு மூலையில் குத்துவிளக்கு எரிகிறது. நடுவில் ஜெயவதனியின் முகம். அடையாள அட்டைக்காக எடுத்த படம், அவருக்கே பிடிக்காதது. பின்னால் ஒரு புல்லாங்குழல் அழுகிறது. மேலேயிருந்து சிவப்பு ரோசா இதழ்கள் ஒவ்வொன்றாக அவருடைய நெற்றியிலும் மூக்கிலும் விழுகின்றன. 'கண்ணீர் அஞ்சலி' என்ற எழுத்து சுழன்று வந்து நிற்கிறது.

அந்த இதழ்களை எனக்கு நன்றாகத் தெரியும். அவற்றை வரைந்ததே வதனிதான். ஏறாவூரில் நான் நடத்தும் வீடியோ ஸ்டூடியோவில், என் மேசையில் இருந்துதான் வரைந்தார். தமிழ்ச் சனங்களின் வீட்டில் யாராவது இறந்தால் போட்டோவைக் கொண்டுவந்து தருவார்கள், நாங்கள் அதன்மேல் பூ விழுத்திக் கொடுப்போம். பிறகு அந்தப் பூவை மட்டக்களப்பு மாவட்டத்தில் உள்ள எல்லா ஸ்டூடியோக்காரரும் திருடிக்கொண்டார்கள். வதனிக்கு அதைக் கண்டாலே ஆகாது. முஸ்லிம் வீட்டு அண்ணனை அழைப்பதுபோல் என்னை 'நானா' என்றுதான் அவர் கூப்பிடுவார்.

"நம்மட ஊர்ல ரோசாப்பூ விழுந்து ஆர் நானா பாத்த? இஞ்ச விழுறது முருங்கப்பூவும் தேங்காயும்தான்" என்பார். "நான் செத்தா இந்தப் பூவ மட்டும் என்ட மூஞ்சில விழுத்திப் போடாதீங்க."

விழுத்திவிட்டார்கள். எனக்கு முதலில் அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. இதை எழுதும்போதும் அது போகவில்லை. அஞ்சலிக் கட்டுரையைக் கோபத்தோடு எழுதக் கூடாதென்று சொல்பவர்கள் இந்த இடத்திலேயே நிறுத்திக்கொள்ளலாம்.

அவரைத் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். ஜெயவதனி தன்னாமுனையைச் சேர்ந்தவர். தாயும் மகளுமாக இருந்தார்கள். தகப்பனைப் போர்க் காலத்தில், வதனி சிறு பிள்ளையாக இருந்தபோது, வீட்டுக்கு வந்து கூட்டிக்கொண்டு போனார்கள், திருப்பிக் கொண்டுவந்து விடவில்லை. உயர்தரப் பரீட்சைக்குப் பிறகு கணினி வகுப்பொன்றை முடித்துவிட்டு என்னிடம் எடிட்டிங் வேலை கேட்டு வந்தார். எங்கள் முஸ்லிம் ஆட்களின் கல்யாணம், தமிழ் ஆட்களின் கல்யாணம், சாமத்தியச் சடங்கு, பிறந்தநாள் என்று வருவதையெல்லாம் வெட்டி ஒட்டுகிற வேலை. கடைசிவரை அந்த மேசையை விட்டு அவர் போகவில்லை.

வேலையில் கெட்டிக்காரர், வாயிலும்தான். மாப்பிள்ளை வீட்டார் வந்து "வீடியோல எங்கட பக்கத்து ஆக்கள் குறைவா விழுந்திருக்காங்க" என்று குறைப்பட்டால், "சாப்பாட்டுப் பந்தியில நிறைய விழுந்திருக்காங்க, பாருங்க" என்று முகத்தை மாற்றாமல் சொல்லுவார். நான் உள்ளே போய்ச் சிரித்துவிட்டு வருவேன்.

ஒருநாள் நான் எடுத்துக்கொண்டு வந்த கல்யாண வீடியோ ஒன்று கெட்டுப்போயிருந்தது. பதிவான கார்ட்டில் ஏதோ கோளாறு. பொண்ணின் முகம் கட்டம் கட்டமாக உடைந்து, சேலையின் பச்சை மாப்பிள்ளையின் தொப்பிக்குள் வழிந்து, அது மறுபடி நீலமாகிப் பந்தலெல்லாம் ஓடியது. எனக்கு உயிரே போய்விட்டது. பொண்ணு வீட்டுக்கு என்ன பதில் சொல்வது? நான் தலையில் கை வைத்துக்கொண்டு கத்துகிறேன். வதனி திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

"கொஞ்சம் பொறுங்க நானா. வடிவா இரிக்கு."

"என்ன வடிவு? கலியாணமே போயிட்டு!"

"கலியாணம் போகட்டும். அந்தப் பச்ச எங்க போகுதெண்டு பாருங்க."

இரண்டாவது கமராவில் இருந்ததை வைத்து அந்தக் கல்யாணத்தை ஒருமாதிரிக் காப்பாற்றினோம். ஆனால் வதனி அந்தக் கெட்டுப்போன துண்டை அழிக்க விடவில்லை. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் அதைப் போட்டுப் பார்த்துக்கொண்டே சோறு சாப்பிடுவார்.

அங்கேயிருந்துதான் தொடங்கியது. எங்கள் ஸ்டூடியோவின் பழைய ஷோகேஸ் கதவுக் கண்ணாடியைக் கழற்றி இரண்டு பெஞ்சுகளுக்கு நடுவில் வைத்தார். அடியில் ஒரு வெள்ளை பல்ப். மேலே தலைகீழாகக் கட்டிய கைத்தொலைபேசி. ஏறாவூர்த் தறிக்காரரிடம் சாயப்பொடி வாங்கி, பார்மசியில் கிளிசரின் வாங்கிக் குழைத்துக் கண்ணாடியில் பூசுவார். கிளிசரின் விட்டால் சாயம் லேசில் காயாது. விரலாலும் பஞ்சாலும் கொஞ்சம் நகர்த்துவார், ஒரு படம் எடுப்பார். இன்னும் கொஞ்சம் நகர்த்துவார், இன்னொன்று. ஒரு நொடி ஓடுவதற்குப் பன்னிரண்டு படம் வேண்டும். அடுத்ததை வரைய வேண்டுமென்றால் முன்னதை அழித்தே ஆக வேண்டும். கடைசியில் கண்ணாடியில் ஒரு சேறுதான் மிஞ்சும், அதையும் துடைத்துவிடுவார். வேலை செய்யும்போது அவருடைய இடதுகால் செருப்பு தரையில் தட்டிக்கொண்டே இருக்கும்.

"பாட்டுக் கேக்குதா உங்களுக்கு?" என்று ஒருமுறை கேட்டேன்.

"இல்ல நானா. கண்ணுக்கும் தாளம் இரிக்கு. சத்தம் போட்டா அது ஓடிரும்."

இதற்கு அரூப அனிமேஷன் என்று பெயர் இருப்பதும், உலகத்தில் வேறு ஆட்களும் இப்படிக் கதையில்லாமல், ஆளில்லாமல், நிறத்தையும் கோட்டையும் மட்டும் அசைத்துப் படம் செய்கிறார்கள் என்பதும் அவருக்குப் பிறகுதான் தெரிய வந்தது. இணையத்தில் தேடித் தேடிப் பார்த்தார். "எனக்குப் பைத்தியம் இல்ல நானா, இந்த வேலைக்கு ஆக்கள் இருக்காங்க" என்று அன்றைக்கு முழுக்கச் சந்தோசமாகத் திரிந்தார்.

பார்க்காதவர்களுக்கு அந்தப் படங்களை எப்படிச் சொல்வது? ஒரு மஞ்சள் பொட்டு வரும். நிற்கும். நின்றது போதாதென்று இன்னும் நிற்கும். நமக்குப் பொறுமை போகிற நேரத்தில் அது சட்டென்று இரண்டாகும். இரண்டும் ஒன்றையொன்று சுற்றும். ஒரு நீலக் கோடு குறுக்கே வந்து இரண்டையும் தள்ளிக்கொண்டு போகும். மஞ்சள் தோற்றுவிட்டது என்று நினைப்போம், ஓரத்தில் ஊதாவாகித் திரும்பி வரும். அவ்வளவுதான். ஆனால் பார்த்துக்கொண்டிருக்கும்போது மூச்சை எப்போது விட வேண்டும் என்பதை அந்தப் பொட்டுத்தான் தீர்மானிக்கும்.

இதை எங்கே காட்டுவது? திரையரங்கா இருக்கிறது? வதனி ஒரு வழி கண்டுபிடித்தார். கல்யாண வீடியோவில் ஒரு காட்சி முடிந்து அடுத்தது தொடங்குவதற்கு இடையில் இதயமும் வண்ணத்துப்பூச்சியும் பறக்குமே, அந்த இடத்தில் தன் படத்தை வைத்தார். தாலி கட்டி முடிந்ததும் நான்கு நொடி. பந்திக்கு முன்னால் ஐந்து நொடி. என்னிடம் கேட்டுவிட்டுத்தான் வைத்தார். எனக்கும் அந்த வண்ணத்துப்பூச்சி அலுத்துப்போயிருந்ததால், வைக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

ஒரு மாதத்துக்குள் ஓட்டமாவடியில் இருந்து ஒரு மாப்பிள்ளை சீடியைத் தூக்கிக்கொண்டு வந்தார். இடையிடையே பழுதாம். என்னவோ வழிகிறதாம். வெளிநாட்டில் இருக்கிற தகப்பனுக்கு அனுப்ப வெட்கமாக இருக்கிறதாம்.

"பழுதில்ல தம்பி, அது டிசைன்" என்றேன்.

"அதுக்கு என்ன கருத்து?" என்றார் அவர்.

இந்தக் கேள்விதான். வதனி வாழ்ந்த காலம் முழுக்க இந்தக் கேள்வியைத் தவிர வேறொன்றை நமது சனங்கள் அவரிடம் கேட்கவில்லை. படித்தவர், படிக்காதவர், ஓவிய ஆசிரியர், மேடைக்கு மேடை கலையைப் பற்றிப் பேசுகிறவர், எல்லோரும் ஒரே மாதிரி. இது மீனா? இது வாவியா? சேலைக் கரையா? கருத்து என்ன? வண்ணத்துப்பூச்சிக்கு என்ன கருத்து என்று அந்த மாப்பிள்ளை ஒருநாளாவது கேட்டிருப்பாரா? தாலி கட்டும் இடத்தில் ஏன் பூச்சி பறக்க வேண்டும்? அதற்கு ஒருவரும் விளக்கம் கேட்பதில்லை. பழகிய பொய்க்கு எல்லோரும் தலையாட்டுவோம், பழகாத நிறம் ஒன்று நான்கு நொடி வந்துவிட்டால் சீடியைத் திருப்பிக் கொண்டுவருவோம்.

அன்றைக்கு அந்த மாப்பிள்ளை போன பிறகு வதனி சொன்னார். "கருத்துக் கேக்கிற ஆக்கள் நிறைய நானா. திரும்ப ஒருக்காப் போடுங்க எண்டு கேட்ட ஆள் இதுவரைக்கும் ஒருத்தரும் இல்ல. அப்பிடி ஒரு ஆள் வந்தாப் போதும் எனக்கு."

பிறகு நிறுவனம் வந்தது. பெயர் வேண்டாம். பட்டணத்தில் அலுவலகம் வைத்துக் கலைக்காகப் பாடுபடுவதாகச் சொல்கிற ஒரு நிறுவனம். அதன் ஒருங்கிணைப்பாளர் ஒரு இளந்தாரி, நல்ல மரியாதையான பிள்ளை. மரியாதையான ஆட்கள் செய்கிற அநியாயத்தைத் தட்டிக் கேட்பதுதான் ஆகக் கஷ்டம். அவர்கள் நடத்திய கலைவிழாவில் வதனியின் படம் ஒன்றைப் போட்டார்கள். வதனியும் நானும் முன்வரிசையில் இருந்தோம். படம் தொடங்கி ஒரு நிமிடம் ஆகவில்லை, நிறுத்திவிட்டார்கள். லைட்டைப் போட்டார்கள். ஒலிபெருக்கிக்காரர் வயரை ஆட்டிப் பார்க்கிறார், பெட்டியைத் தட்டிப் பார்க்கிறார். சத்தம் வரவில்லையாம்.

வதனி எழுந்து நின்றார். "சத்தம் இல்ல எண்டுறது பழுதில்ல அண்ணன். அது அப்பிடித்தான்."

சபை சிரித்தது. மறுபடி போட்டார்கள். ஒலிபெருக்கிக்காரர் இரக்கப்பட்டோ என்னவோ, தன் தொலைபேசியில் இருந்த ஒரு சினிமாப் பாட்டைச் சேர்த்து ஓட விட்டார். படம் முடிந்ததும் கைதட்டினார்கள். பாட்டுக்குக் கைதட்டினார்கள். கைதட்டு முடியுமுன்பே வதனி எழுந்து பஸ்ஸுக்குப் போய்விட்டார்.

அதன் பிறகு அதே ஒருங்கிணைப்பாளர் ஸ்டூடியோவுக்கு வந்தார். கொழும்பில் பெரிய கண்காட்சியாம். வதனியின் படத்தை வைக்கலாமாம். ஆனால் படத்தைப் பற்றி ஒரு பந்தி விளக்கம் எழுதித் தர வேண்டும், அதில் போர் வர வேண்டும்.

"அக்காட அப்பாட கதைய நான் கேள்விப்பட்டன்" என்று தயங்கித் தயங்கிச் சொன்னார். "அந்த மஞ்சள் அவராத்தானே இருக்கும்? சிவப்பு வாற இடம் ரெத்தம் எண்டு வைக்கலாம். பாக்கிற ஆக்களுக்கு லேசா விளங்கும்."

நான் வதனியின் முகத்தைப் பார்த்தேன். கோபப்படுவார் என்று நினைத்தேன். மிக நிதானமாகத்தான் பேசினார்.

"தம்பி, அப்பாவப் பத்திச் சொல்லணுமெண்டா நான் வாயால சொல்லுவன். எனக்கு வாய் இரிக்கு. சொல்லியும் இருக்கன், விசாரிக்க வந்த எல்லாருக்கும் நானும் அம்மாவும் சொல்லிச் சொல்லித்தான் களைச்ச. இது அப்பா இல்ல. இது மஞ்சள்."

அவர் போகவில்லை, இன்னும் ஏதோ சமாதானம் சொல்லிக்கொண்டிருந்தார். மட்டக்களப்பில் இருந்து ஒரு படம் வந்தால் சனங்கள் அதைத்தான் எதிர்பார்ப்பார்கள் என்றார். அப்போதுதான் வதனியின் குரல் உயர்ந்தது.

"அப்ப எங்களுக்கு ரெத்தத்தத் தவிர வேற நிறம் கிடையாதா? மற்ற ஊர்க்காரன் மஞ்சளப் பூசினா மஞ்சள், நான் பூசினாக் கண்ணீரா? எழும்பிப் போங்க தம்பி."

படம் கொழும்புக்குப் போகவில்லை. நான் அன்றைக்குச் சொன்னதை இன்றைக்கும் சொல்கிறேன், வதனி செய்தது சரி. ஒரு மனிசியின் வீட்டில் நடந்த அநியாயத்தைக் காட்டி, இனி நீ இதைத் தவிர வேறெதையும் நினைக்கக் கூடாது என்று சொல்வது இரண்டாவது அநியாயம். முதலாவதைச் செய்தவர்கள் துவக்கைத் தோளில் மாட்டிக்கொண்டு வந்தார்கள், இவர்கள் சிரித்த முகத்தோடு வருகிறார்கள்.

கடைசிப் படத்தை வதனி வருடக்கணக்காகச் செய்தார். 'மஞ்சளும் மற்றதுகளும்' என்று பெயர் வைத்தார். கல்யாண மாதங்களில் நிறுத்துவார், வேலை குறைந்தால் தொடங்குவார். மாரி மழையில் வாவி பெருகித் தன்னாமுனையில் அவர்களுடைய வளவுக்குள் தண்ணீர் வந்த நாட்களில் கூட, ஸ்டூடியோவுக்கு வந்து கண்ணாடியின் முன்னால் இருந்துவிட்டார். அம்மாவை என் வீட்டில் கொண்டுவந்து விட்டுவிட்டுத்தான் வந்தார்.

படம் முடிந்த வாரத்தில் காய்ச்சல் பிடித்தது. டெங்கு. ஆஸ்பத்திரியில் இருந்து எனக்குக் கோல் எடுத்தார். குரல் உடைந்திருந்தது, ஆனால் வாய் மாறவில்லை.

"நானா, படத்த ஒருக்காப் பாத்திட்டீங்களா?"

"பாத்த தங்கச்சி. நல்லா இரிக்கு. நீங்க முதல்ல சுகமாகி வாங்க."

"ஆரும் கேட்டாக் குடுங்க. பாட்டு மட்டும் போட விடாதீங்க. உங்களத்தான் நம்பி இரிக்கன்."

நான் ஓம் என்றேன். அவர் சுகமாகி வரவில்லை. நாற்பது வயது கூட ஆகாத மனிசி. டெங்கு நுளம்பு பெருகாமல் வடிகானைத் துப்புரவாக்கச் சொல்லி நாம் எல்லோரும் ஒவ்வொரு மாரியிலும் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்கிறோம், வடிகான் அப்படியேதான் கிடக்கிறது. அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

வதனி இறந்து முப்பத்தொன்றாம் நாள் வந்தது. காலையில் வீட்டில் சாப்பாடு. பின்னேரம் தன்னாமுனையில் ஒரு மண்டபத்தில் அந்த நிறுவனம் நினைவு நிகழ்வு நடத்தியது. உயிரோடு இருந்தவரைக் கொழும்புக்குக் கொண்டுபோகாதவர்கள், செத்த பிறகு பெனர் அடித்துக் கட்டியிருந்தார்கள். கடைசிப் படத்தைக் கேட்டு வந்தபோது நான் ஒரே ஒரு நிபந்தனைதான் சொன்னேன், எதையும் சேர்க்கக் கூடாது. "ஓம் அண்ணன், ஓம் அண்ணன்" என்று தலையாட்டிவிட்டுத்தான் வாங்கிப் போனார் ஒருங்கிணைப்பாளர்.

யன்னல்களுக்குப் படுக்கை விரிப்புக் கட்டி இருட்டாக்கினார்கள். முன்வரிசையில் வதனியின் அம்மா. தன் மகள் செய்த படத்தை அவர் அதுவரை முழுதாகப் பார்த்ததில்லை. வீட்டில் கணினி இல்லை, மகளும் தொலைபேசியின் சின்னத் திரையில் காட்ட விரும்பவில்லை. நான் பின்னால் ஒலிபெருக்கிக்குப் பக்கத்தில் இருந்தேன்.

திரையில் எழுத்து வந்தது. 'வாவியின் கண்ணீர்' என்று. யார் வைத்த பெயர்? யாரைக் கேட்டு வைத்தீர்கள்? நான் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன். பிறகு புல்லாங்குழல் தொடங்கியது. கண்ணீர் அஞ்சலி வீடியோவில் வந்த அதே புல்லாங்குழல், ஆணையாகச் சொல்கிறேன், அதேதான். மஞ்சள் பொட்டு வந்து நின்றது. அது நிற்க வேண்டிய அந்த நீண்ட நேரத்துக்குள் ஒரு பெண் குரல் நுழைந்து நடுங்கி நடுங்கிப் பேசியது: "காணாமல் போன தந்தையைத் தேடும் மகளின் ஏக்கம் இது..."

நான் எழுந்து ஒலிபெருக்கியின் வயரைப் பிடுங்கினேன். மெதுவாகக் கழற்றினேன் என்று சொன்னால் பொய். பிடுங்கினேன்.

குழல் செத்தது. குரல் செத்தது. மஞ்சள் பொட்டு தன்பாட்டில் இரண்டானது.

சபையில் முணுமுணுப்பு. ஒருங்கிணைப்பாளர் ஓடிவந்தார். "அண்ணன், சவுண்ட் போயிட்டு."

"போகல்ல. நான்தான் கழட்டின."

"அண்ணன், சனம் இருக்கு, தயவுசெய்து..."

"சனம் இருக்கட்டும். உங்களுக்கு நான் என்ன சொல்லித் தந்த? நீங்க என்ன செஞ்சிருக்கீங்க? மனிசி வாயத் திறந்து சொன்னது உங்கட காதுல விழல்லயா? வேணுமெண்டா என்னத் தூக்கி வெளியில போடுங்க. வயர் வராது."

குரல் கொஞ்சம் கூடிவிட்டது. எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். வதனியின் அம்மாவும் திரும்பினார்.

"பாட்டு எங்க மனே?"

அந்தக் கேள்வி என்னை அசைத்துவிட்டது. மற்ற யார் கேட்டிருந்தாலும் சண்டை பிடித்திருப்பேன். மகளைப் புதைத்துவிட்டு வந்த தாய் கேட்கிறார். அவருக்குப் பாட்டு வேண்டுமென்றால் நான் யார் மறுக்க?

"பாட்டு வேணாமெண்டு தங்கச்சி சொன்ன அம்மா. ஆஸ்பத்திரியில இருந்து கோல் எடுத்துச் சொன்ன."

அம்மா கதிரையில் முழுதாக என் பக்கம் திரும்பினார்.

"அவள் சொன்னவளா?"

"ஓம்."

"அப்ப போடாத."

திரும்பி உட்கார்ந்துகொண்டார்.

படம் ஓடியது. மண்டபத்தில் மின்விசிறி சுற்றுகிற சத்தம். யாரோ இருமினார். வாவிப் பக்கம் ஒரு தோணிக்காரர் யாரையோ கூப்பிட்டார். நீலம் வந்து மஞ்சளைத் தள்ளியது. ஊதா ஓரத்தால் ஏறியது. ஒரு கட்டத்தில் திரை முழுக்கப் பச்சை பரவி, அது மெல்ல மெல்ல ஒதுங்கி, நடுவில் மறுபடியும் அந்தச் சின்ன மஞ்சள். அது நின்றது. இன்னும் நின்றது. படம் முடிந்தது.

ஒருவரும் கைதட்டவில்லை. அடுத்து என்ன செய்வது என்று சனத்துக்குத் தெரியவில்லை. முன்வரிசையில் இருந்த ஒரு பாடசாலை அதிபர், பேச்சாளராக வந்தவர், அம்மாவின் பக்கம் குனிந்து ஆறுதலாகக் கேட்டார்: "விளங்கிச்சா அம்மா? மகள் என்ன சொல்ல வந்திருக்கா எண்டு?"

அம்மா என்னைத் தேடித் திரும்பினார்.

"மனே, திரும்ப ஒருக்காப் போடு."

எனக்கு அப்போதுதான் அழுகை வந்தது. வந்த அழுகையோடு கோபமும் வந்தது. இந்த ஒரு சொல்லைக் கேட்பதற்கு வதனி எத்தனை வருடம் அந்தக் கண்ணாடிக்கு முன்னால் குனிந்துகொண்டிருந்தார்! இதைச் சொல்லக்கூடிய ஒரே ஆள் அவருடைய வீட்டிலேயே இருந்திருக்கிறார். நாங்கள் மேடையில் காட்டினோம், கொழும்புக்குக் காட்டப் பார்த்தோம், சீடியில் வைத்து ஓட்டமாவடிவரை அனுப்பினோம். தன்னாமுனையில் இருந்த அந்த மனிசிக்கு ஒரு திரையைக் கட்டிக் காட்ட ஒருவருக்கும் தோன்றவில்லை.

என் சட்டைப் பையில் பென்டிரைவ் இருந்தது. அதில் வதனி முடித்துவைத்த படம், அவர் வைத்த பெயரோடு. 'மஞ்சளும் மற்றதுகளும்'. அதைப் போட்டேன். இரண்டாவது முறை பார்க்கும்போது அம்மாவின் கால் அசைவதைப் பின்னாலிருந்து கண்டேன். இடதுகால். செருப்பு தரையில் மெல்லத் தட்டிக்கொண்டிருந்தது.

தங்கச்சி, நீங்கள் கேட்ட ஆள் வந்துவிட்டார். நீங்கள் போய்ச் சேர்ந்த பிறகு வந்தார், அது என்னால் பொறுக்க முடியாத காரியம். ஆனாலும் வந்தார், உங்கள் தாளம் அவருக்குப் பிடிபட்டது. நிம்மதியாக இருங்கள். நான் கையோடு கொண்டுவந்த அந்த ஒலிபெருக்கி வயரைக் கேட்டு நிறுவனத்தில் இருந்து இரண்டு தரம் ஆள் அனுப்பினார்கள். நான் கொடுக்கவில்லை.